திரையை விட்டு நகராத டாக்டரம்மா

1985-ஆம் ஆண்டு ஜூன் மாதம் ஒரு வெள்ளிக்கிழமை, சிராங்கூன் சாலையை ஒட்டிய சந்தில் இருந்த பத்மா தியேட்டரில் மத்தியானக் காட்சி முடிந்து, விளக்குகள் போடப்பட்டு, புரொஜெக்டரும் நிறுத்தப்பட்ட பிறகு, படத்தில் நிலாவில் விட்டுவிட்டு வரப்பட்ட பெண் மட்டும் திரையை விட்டுப் போகவில்லை. ஹெல்மெட்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, நாளைக்கு வாங்க என்று கவுண்டரில் சொல்லப்பட்டவர்கள் நகராமல் நிற்பதைப் போல அவள் நின்றாள். கச்சான் கடலைத் தோலைக் கூட்டிப் பெருக்க வந்தவர்கள், ஏதோ விளம்பர ஸ்லைடு என்று எண்ணித் தங்கள் வேலையைப் பார்த்தார்கள். ஆப்பரேட்டர் லென்சின் மேல் கையை வைத்துப் பார்த்தார். கையில் வெளிச்சம் விழவில்லை. கீழே இறங்கி வந்து திரையைத் தொட்டார். துணி துணியாகத்தான் இருந்தது. அவள் அவரைப் பார்த்தாள். வழியில் நிற்காதே என்று அவள் சொன்னதுபோல் அவர் சற்று ஒதுங்கிக்கொண்டார். தியேட்டர் முதலாளி வேலாயுதத்துக்கு ஆள் அனுப்பினார்கள். அவர் வந்து பார்த்துவிட்டு, ராத்திரிக் காட்சி வேறு படம்தானே, போட்டால் போய்விடுவாள் என்றார். போட்டார்கள். ஊட்டியில் கதாநாயகன் பாடிக்கொண்டு ஓடினான். நடுவில் இவள் நின்றாள். மூன்றாவது சரணத்தில் கதாநாயகி இவளைச் சுற்றிக்கொண்டு போக வேண்டியதாயிற்று.

அந்தப் பெண்ணைச் சிங்கப்பூரில் தெரியாத தமிழர்கள் குறைவு. 'நிலாவுக்கு ஏழு பேர்' என்ற அந்தப் படம் 1971-இல் எடுக்கப்பட்டது. எடுத்தவர் பேரின்பநாயகம், துறைமுகத்தில் குமாஸ்தாவாக இருந்தவர். யாழ்ப்பாணத்துக் குடும்பம், வீட்டில் எல்லோரும் டாக்டரும் கணக்காளருமாக இருக்க, இவர் மட்டும் ராக்கெட்டைப் பற்றிப் படித்துக்கொண்டிருந்தார். சென்னைக் கம்பெனி ஒன்றைப் பிடித்துப் பேசிப் பேசி ஒத்துக்கொள்ள வைத்தார். நிலாவுக்கு அவரிடம் செட் இல்லை. புலாவ் உபின் தீவில் கல் உடைத்து எடுத்த பெரிய பள்ளங்கள் இருந்தன. வெள்ளைக் கல்லும் தூசியும் கண்ணைக் கூசும் வெயிலுமாக, நிலாவை அதுவரை யாரும் கிட்டப் போய்ப் பார்த்திராத தமிழ் ரசிகர்களுக்கு அது தாராளமாகப் போதும் என்று முடிவுசெய்தார். சென்னையிலிருந்து வந்த நடிகை, சாங்கியிலிருந்து தீவுக்குப் போகும் சின்னப் படகில் தலை சுற்றி, வாந்தியெடுத்து, மறு விமானத்தில் ஊருக்குப் போய்விட்டார். அவருடைய இடத்துக்கு அந்தோனியம்மாள் வந்தாள்.

அந்தோனியம்மாள் அப்போது ஒரு கப்பல் கம்பெனியில் டெலிபோன் ஆப்பரேட்டர். லூர்து மாதா கோயில் பாடற்குழுவில் பாடுகிறவள். கறுத்து, உயரமாக, எதையும் ஒருமுறைதான் சொல்கிற பழக்கத்தோடு இருப்பாள். பேரின்பநாயகம் அந்தக் கம்பெனிக்குப் போன் செய்யும்போதெல்லாம் கேட்ட குரல் அது. நிலாவிலிருந்து பேசுகிற குரல் இப்படித்தான் இருக்க வேண்டும் என்று அவருக்குப் பட்டது. விண்கப்பலின் கேப்டனாக ஆம்ப்ரோஸ் நடித்தான். அவன் கப்பல் பட்டறையில் வெல்டர். பெரிய வெள்ளிக்கிழமை பாஸ்கா நாடகத்தில் வருடம் தவறாமல் இயேசுவுக்குத் தீர்ப்பு எழுதும் பிலாத்துவாக வந்து நல்ல பெயர் வாங்கியிருந்தான். எழுதப்பட்ட கதையில் கடைசிக் காட்சி இப்படி: திரும்பி வரக் காற்று ஆறு பேருக்குத்தான் இருக்கிறது. டாக்டராக வரும் பெண் சிரித்துக்கொண்டே, நீங்கள் போங்கள் என்று கையசைக்கிறாள். கேப்டன் கதவை மூடுகிறான். கப்பல் கிளம்புகிறது.

அந்தக் காட்சியை எடுத்த அன்று, தார்ப்பாயில் தைத்த விண்வெளி உடைக்குள் வெந்துகொண்டிருந்த அந்தோனியம்மாள், கையசைக்க மாட்டேன் என்றாள். "ஏன் நான்? வழியில ஒருத்தனுக்கு முடியாமப் போனா யாரு பாப்பா? டாக்டரையா விட்டுட்டு வருவாங்க?" என்று கேட்டாள். பேரின்பநாயகம் இதை யோசித்திருக்கவில்லை. பொழுது சாய்ந்துகொண்டிருந்தது. பிலிமும் தீர்ந்துகொண்டிருந்தது. சரி, நடி பார்ப்போம் என்றார். காமிரா ஓடியது. அவள் கையசைக்கவில்லை. கதவுக்கு நேராக நடந்து வந்து, எழுதிக் கொடுக்காத வசனத்தைப் பேசினாள்.

"நான் நிலாவுல நிக்க வரல. காத்து பத்தலேன்னா ஏழு பேரும் கொறச்சு மூச்சு விடுவோம்லா."

ஆம்ப்ரோசுக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை. பாஸ்கா நாடகத்தில் யாரும் பிலாத்துவிடம் இப்படிப் பேசியதில்லை. கதவைத் திறந்துவிட்டான். கதவு மூடுவதையும் கப்பல் கிளம்புவதையும் காலையிலேயே எடுத்திருந்தார்கள்; இதோடு பிலிம் தீர்ந்தது. அதனால் அதுதான் படத்தின் முடிவு ஆயிற்று.

படம் 1972 பொங்கலுக்கு வந்தது. ராக்கெட் தகர டப்பா போல இருந்தது என்று பத்திரிகைகள் எழுதின, அது உண்மை. ஆனால் பெண்கள் அந்தக் கடைசிக் காட்சிக்காகத் திரும்பத் திரும்ப வந்தார்கள். கொறச்சு மூச்சு விடுவோம்லா என்பது தேக்கா சந்தையிலும் ஆஸ்பத்திரி வரிசையிலும் பள்ளிக்கூட ஆசிரியைகள் அறையிலும் புழங்கியது. ஒரு குடும்பத்தில் மூன்று பெண்களில் கடைசிப் பெண்ணைப் படிப்பிலிருந்து நிறுத்தப் பார்த்தபோது, மூத்தவள் இதைச் சொன்னாள்; மூவரும் படித்தார்கள். 1978-இல் அந்தோனியம்மாளின் கம்பெனியில் புது சுவிட்ச்போர்டு வந்து, நான்கு ஆப்பரேட்டர்களில் ஒருத்தி வேண்டாம் என்றானது. வேண்டாம் என்று முடிவான ஒருத்தி இராசேஸ்வரி, கணவனை இழந்தவள். நால்வரும் மேனேஜர் அறைக்குப் போய், வேலை நேரத்தை ஆளுக்குக் கொஞ்சம் குறைத்துக்கொள்கிறோம், யாரும் போவதாக இல்லை என்றார்கள். தமிழே தெரியாத அந்த மேனேஜர், அந்தோனியம்மாள் தமிழில் சொன்ன கடைசி வாக்கியத்துக்குத் தலையாட்டிவிட்டு, ஏன் ஆட்டினோம் என்று வெகுநேரம் யோசித்துக்கொண்டிருந்தாராம்.

அவளுக்கும் ஆம்ப்ரோசுக்கும் படம் வந்த மறு வருடம் கல்யாணம் ஆனது. கதவுக்கு முன்னால் அவள் நடந்து வந்தபோதே தனக்கு முடிவாகிவிட்டது என்று அவன் சொல்லுவான். பேரின்பநாயகம் 1979-இல் மாரடைப்பில் போனார். படத்தின் உரிமை முழுதும் சென்னைக் கம்பெனியிடம் நின்றது. அந்தோனியம்மாளும் ஆம்ப்ரோசும் உட்லண்ட்ஸ் அடுக்குமாடி வீட்டுக்குக் குடிபோனார்கள். பிள்ளைகள் இரண்டு. தெருவில் முன்பின் தெரியாத பெண்கள் அவளை நிறுத்தி, கையைத் தொட்டுவிட்டுப் போவார்கள். அவளுக்கு அதில் பெருமை இருந்தது; மறைத்ததில்லை.

1985-இல் சென்னைக் கம்பெனி படத்தைத் துடைத்துப் புதுப்பித்தது. கீறல்களை எடுத்து, மங்கிய நிறத்தைத் திருப்பிக் கொண்டுவந்து, ஸ்டீரியோ ஒலி சேர்த்து, புதுப் பிரிண்ட் போட்டார்கள். வேலை நடக்கும்போது கம்பெனிக்காரர்களுக்குக் கடைசிக் காட்சி சரியில்லை என்று பட்டது. ஒரு பெண் இப்படி எடுத்தெறிந்து பேசி உள்ளே வருவதைவிட, தியாகம் செய்தால் தாய்மார்கள் அழுவார்கள் என்று பேசிக்கொண்டார்கள். பழைய எழுத்துப் பிரதியில் அப்படித்தான் இருந்தது என்பது அவர்களுக்கு வசதியாயிற்று. அவள் நடந்து வருவதையும் பேசுவதையும் வெட்டி எறிந்தார்கள். சாப்பாட்டு வேளையில் யாரையோ பார்த்து அவள் சிரித்தது தற்செயலாகப் பதிவாகியிருந்தது. அதை எடுத்து அங்கே ஒட்டினார்கள். முகத்தையும் இரண்டு சுற்று வெளுத்துச் சந்தன நிறத்துக்குக் கொண்டுவந்தார்கள். ஒலிக்காகக் கம்பெனி ஆள் அழகப்பன் சிங்கப்பூர் வந்து, ஆம்ப்ரோசைக் கூப்பிட்டு, மைக்குக்கு முன்னால் நிறுத்தி, நான்கைந்து வரி படிக்கச் சொன்னார். சத்தத்தைச் சுத்தம் செய்ய என்றுதான் சொன்னார். ஆம்ப்ரோஸ் படித்தான். ஒரு வரி புதிதாக இருப்பது படிக்கும்போதே தெரிந்தது. தொண்டையைச் செருமிக்கொண்டு அதையும் படித்துவிட்டான். வீட்டில் சொல்லவில்லை.

அந்த வெள்ளிக்கிழமை மத்தியானக் காட்சிக்கு அந்தோனியம்மாள் இராசேஸ்வரியோடு போனாள். ஆம்ப்ரோஸ் ஓவர்டைம் என்று சொல்லியிருந்தான். படம் கண்ணாடி போல இருந்தது. உபின் கற்கள் ஒவ்வொன்றும் தனித்தனியாகத் தெரிந்தன. பிறகு அந்தக் காட்சி வந்தது. வெளுத்த முகத்தோடு அவள் சிரித்தாள். யாருடையதோ இனிப்பான குரல் அவள் வாய்க்குள்ளிருந்து, "என் உயிர் பிரிந்தாலும் உங்கள் பயணம் தொடரட்டும்" என்றது. அடுத்து, "அவர் விருப்பப்படியே ஆகட்டும். கதவை மூடுங்கள்" என்ற கேப்டனின் குரலில், பதினான்கு வருடத்துக்கு முந்தைய ஆம்ப்ரோசின் தொண்டை இல்லை. போன மாதம் சளி பிடித்திருந்த தொண்டை இருந்தது. தினம் காலையில் பக்கத்துத் தலையணையில் செருமுகிற தொண்டை அது. இராசேஸ்வரி அவள் கையைப் பிடித்தாள். இருவரும் விளக்கு போடுவதற்கு முன்பே வெளியே வந்துவிட்டார்கள். அதனால், திரையில் இருந்தவள் போகாமல் நின்றுகொண்டதை அன்று அவர்கள் பார்க்கவில்லை.

வீட்டில் ஆம்ப்ரோஸ், "அது நடிப்புதானே அந்தோனி. குடுத்தாங்க, படிச்சேன்" என்றான்.

"படிக்கும்போது தெரிஞ்சுதா இல்லியா?"

அவன் தொண்டையைச் செருமிக்கொண்டான்.

"அன்னிக்கு யாரும் எழுதிக் குடுக்கல. அப்ப கதவத் திறந்தீங்க. இன்னிக்கு எழுதிக் குடுத்தான், மூடிட்டீங்க" என்றாள். அதோடு பேச்சை நிறுத்திவிட்டாள். சோறு போட்டாள், துணி துவைத்தாள், பேசவில்லை. ஆம்ப்ரோஸ் ஹாலில் படுத்துக்கொண்டான்.

தியேட்டரில் வேலாயுதம் திரையைச் சோப்புப் போட்டுக் கழுவினார். கழுவக் கழுவ முகத்தின் சந்தன நிறம்தான் போயிற்று. அடியிலிருந்து அவளுடைய சொந்தக் கறுப்பு வந்தது. துணியை மாற்றினார். புதுத் துணியைக் கட்டி முடித்து ஆட்கள் ஏணியிலிருந்து இறங்குவதற்குள் அவள் அதில் நின்றுகொண்டிருந்தாள். செய்தி தேக்கா முழுக்கப் பரவி, பெண்கள் படம் பார்க்க அல்லாமல் அவளைப் பார்க்கவே வந்தார்கள். முன்வரிசையில் உட்கார்ந்து காய் நறுக்கினார்கள்; பூக் கட்டினார்கள். பூக்கடை நூருன்னிசா, இவ்வளவு நாள் நிற்கிறாளே என்று ஒரு நாற்காலியைத் திரைக்கு முன்னால் கொண்டுபோய்ப் போட்டாள். திரையில் இருந்தவள் உட்காரவில்லை. ஆனால் ஹெல்மெட்டை அதன்மேல் இறக்கி வைத்தாள். ஹெல்மெட் தார்ப்பாய் வாசனையோடு நாற்காலியில் இருந்தது. சிலர் தூக்கிப் பார்த்துவிட்டு, பரவாயில்லை, கனமாகத்தான் இருக்கிறது என்று திரும்ப வைத்தார்கள்.

அழகப்பன் சென்னையிலிருந்து பறந்து வந்தார். கெட்டவர் இல்லை, வேலையைக் காப்பாற்றிக்கொள்ள வேண்டியவர். திரையைப் பார்த்தார், வேர்வையைத் துடைத்தார், வேலாயுதத்தைக் கூட்டிக்கொண்டு உட்லண்ட்ஸ் வந்தார். அந்தோனியம்மாள் காப்பி கொடுத்தாள்.

"நீங்க ஒரு வார்த்தை சொன்னா அவங்க போயிடுவாங்கம்மா. உங்க உருவம்தானே" என்றார் அழகப்பன்.

"உருவம் என்னோடது. நிக்கிறது அவ. அவளக் கேளுங்க."

"தங்கச்சி, மூணு படம் வந்து பெட்டியிலேயே கிடக்குது. கொஞ்சம் மனசு வைக்கணும்லா" என்றார் வேலாயுதம்.

"அண்ணே, அவ சீனை வெட்டினாங்க, குரலை எடுத்தாங்க, மூஞ்சியக்கூட மாத்தினாங்க. இப்ப நிக்கிற இடத்தையும் விடச் சொல்றீங்க. வெட்டினத ஒட்டிக் குடுங்க. தானா போயிடுவா."

அழகப்பன் காப்பியைப் பார்த்தபடி, வெட்டியதைக் குப்பையில் போட்டாகிவிட்டது, பழைய பிரிண்டுகளையும் அழித்துவிட்டோம், உலகத்தில் எங்கேயும் அந்தக் காட்சி இல்லை என்றார். சமையலறை வாசலில் நின்றபடி ஆம்ப்ரோஸ் அதைக் கேட்டான். அதுவரை, எங்கோ ஒரு பெட்டியில் பழைய ஆம்ப்ரோஸ் கதவைத் திறந்துகொண்டுதான் இருப்பான் என்று அவன் நினைத்திருந்தான்.

"அப்ப கடைசி ரீலைத் திரும்பப் போடுங்க. கதவ மூடினவங்க வந்து பாக்கட்டும்" என்றாள் அந்தோனியம்மாள். அவனைப் பார்த்துச் சொல்லவில்லை. ஆனாலும் அவன் சட்டையை மாட்டிக்கொண்டான்.

மறு வாரம் ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து, மத்தியானக் காட்சிக்குத் தியேட்டர் நிரம்பிவிட்டது. பாடற்குழுப் பெண்கள், கப்பல் கம்பெனி ஆப்பரேட்டர்கள், மூத்தவள் சொன்ன அந்த வசனத்தால் படித்து முடித்து ஆசிரியையாகிவிட்ட கடைசிப் பெண், தேக்கா சந்தைக்காரர்கள் என்று நடைபாதையிலும் நின்றார்கள். கடைசி ரீல் ஓடியது. திரையில் நின்றவள் படத்துக்குள் இருந்த வெளுத்த உருவத்தின் மேல் போய் நின்றாள். அது அவளுக்குள் அடங்கிப்போனது. இனிப்புக் குரல் ஸ்பீக்கரில் உயிர் பிரிவதைப் பற்றிப் பேசியது. அவள் வாயைத் திறக்கவில்லை. குரல் கேட்பாரில்லாமல் பேசி முடித்தது. அடுத்து ஆம்ப்ரோசின் குரல், கதவை மூடுங்கள் என்றது.

பத்தாவது வரிசையில் ஆம்ப்ரோஸ் எழுந்து நின்றான். "மூடாத!" என்று கத்தினான். "அது நான் தப்பாப் படிச்சது. திற! கதவத் திறடா!"

திரையில் இருந்த கேப்டன் நிமிர்ந்து பார்த்தான். ஒரு பக்கம் ஸ்பீக்கரில் தன் குரல். இன்னொரு பக்கம் நாற்பதைத் தாண்டிய, கன்னம் சரிந்த, தன் முகம். அவன் கை பிடியில் அப்படியே நின்றது. முக்கால் மூடிய கதவை மூடவும் இல்லை, திறக்கவும் இல்லை. அவனோடு இருந்த ஐந்து பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். ரீல் ஓடிக்கொண்டிருந்தது. படத்தின் கணக்குப்படி கப்பல் கிளம்ப வேண்டிய நேரம் வந்து, கடந்தும் போனது.

அந்தோனியம்மாள் எழுந்து திரைக்கு முன்னால் போனாள். நாற்காலியிலிருந்த ஹெல்மெட்டை எடுத்துத் திரையில் இருந்தவளிடம் நீட்டினாள். திரையிலிருந்து கை வந்து வாங்கிக்கொண்டது. ஒருத்திக்கு இருபத்து நான்கு வயது, இன்னொருத்திக்கு முப்பத்தெட்டு. இருவரும் ஒரே உயரம்.

"அவங்க திறந்து விடுவாங்கன்னு நிக்காத. தெறந்தா நல்லது. தெறக்கலேன்னா கையி இருக்குல்ல?" என்றாள் அந்தோனியம்மாள்.

திரையில் இருந்தவள் கதவுக்கு நடந்தாள். பேரின்பநாயகம் கட்டிய ராக்கெட்டில் கதவுப் பிடி உள்பக்கம் மட்டும்தான் இருந்தது; வெளியிலிருந்து திறக்க வழியே வைக்கவில்லை. அவள் அதைப் பார்த்தாள். விரல்களை இடுக்கில் கொடுத்தாள். தோளை வைத்தாள். தகரம் வளைந்த சத்தம் ஸ்பீக்கரில் வரவில்லை, தியேட்டருக்குள்ளேயே கேட்டது. முன்வரிசைப் பெண்கள் எழுந்தார்கள்; பின்வரிசையும் எழுந்தது. "கொறச்சு மூச்சு விடுவோம்லா!" என்று எங்கிருந்தோ இராசேஸ்வரியின் குரல் வந்தது. அடுத்த நொடி கூரைத் தகடுகள் அதிர எல்லோரும் அதையே சொன்னார்கள். கதவு பிய்ந்து வந்தது. கேப்டன் காலை நகர்த்தி வழிவிட்டான். அவள் உள்ளே போய், கதவைத் தானே இழுத்துப் பொருத்தி, உட்கார இடம் இல்லை என்பதைக் கவனித்து, கேப்டனை எழுப்பிவிட்டு அவனுடைய இருக்கையில் உட்கார்ந்தாள். கப்பல் எழும்பியது. நிலாத் தூசி முன்வரிசைக்காரர்களின் தலையில் கொஞ்சம் விழுந்தது. பிறகு 'வணக்கம்' என்று எழுத்து வந்து, திரை வெள்ளையாயிற்று.

அன்று சாயங்காலம் உட்லண்ட்ஸ் பஸ்ஸில் ஆம்ப்ரோஸ் நின்றுகொண்டு வந்தான். பக்கத்தில் இடம் இருந்தும் உட்காரவில்லை. புக்கிட் தீமா தாண்டும்போது, "கத்தினது கேட்டுச்சு" என்றாள் அந்தோனியம்மாள். ஹாலில் படுப்பதை அவன் மேலும் சில வாரங்கள் தொடர வேண்டியிருந்தது. அதற்குப் பிறகு, யாராவது எதையாவது எழுதி நீட்டினால், முழுக்கப் படித்துவிட்டு, இது என் வாயில் வராது என்று திருப்பிக் கொடுக்கிற ஆளாக அவன் மாறிப்போனான். பட்டறையில் சூப்பர்வைசர்களுக்கு அது பெரிய தொந்தரவாக இருந்தது.

அழகப்பன் பிரிண்டைச் சென்னைக்கு எடுத்துப்போய் மேசையில் விரித்துப் பார்த்தார். பிலிமில் வெட்டியது வெட்டியபடியே இருந்தது. அவள் சிரிக்கிறாள், கதவு மூடுகிறது, கப்பல் போகிறது. புரொஜெக்டரில் போட்டால் அவள் ஏறிவிடுகிறாள். வேறு பிரிண்ட் போட்டார்கள், அதிலும் ஏறினாள். கோலாலம்பூரில் கதவைத் தட்டி, மரியாதையாகக் காத்திருந்து ஏறினாள் என்று தகவல் வந்தது. ஈப்போவில் உதைத்துத் திறந்தாள். மதுரையில் ஒரு நாள், ஆறு பேரையும் இறக்கி வரிசையில் நிற்கவைத்து நெடுநேரம் பேசிவிட்டு ஏறியதால் அடுத்த காட்சி தாமதமாயிற்று. கம்பெனியில் இரண்டு கூட்டம் போட்டுப் பேசினார்கள். கடைசியில் அழகப்பன்தான், எந்த ஊரிலும் அவள் நிலாவில் நின்றதாகத் தகவல் இல்லை, நாம் இதற்கு மேல் செலவு செய்வதில் அர்த்தமும் இல்லை என்றார். 1986-இலிருந்து அந்தப் படத்தின் சுவரொட்டியில், ஸ்டீரியோ ஒலி, புத்தம் புதிய வண்ணம் என்பவற்றுக்குக் கீழே சின்ன எழுத்தில் ஒரு வரி சேர்ந்தது: கடைசிப் பத்து நிமிடம் ஊருக்கு ஊர் மாறும், தாய்மார்கள் ராக்கெட் கதவருகே குழந்தைகளை உட்காரவைக்க வேண்டாம். டிக்கெட் விலையில் மாற்றம் இல்லை.